கிளிப்காரர் நார்பர்ட்டின் நாலு அங்குலம்

நார்பர்ட் குபியாக் பயப்படாத பொருள் ஒன்றை யாராவது கண்டுபிடித்துச் சொன்னால், அவர் பேருக்கு அந்த ஊர் ஏரியையே எழுதிவைத்துவிடலாம். அடுப்பை அணைத்தோமா என்று பயம். கார் பூட்டியிருக்கிறதா என்று பயம். பல் டாக்டர், எஸ்கலேட்டரின் கடைசிப் படி, போனை எடுத்ததும் "உன்கிட்ட ஒண்ணு பேசணும்" என்று ஆரம்பிக்கிறவர்கள், வாத்து. வாத்துக்கு எதற்கு ஐயா பயம் என்று கேட்டால், "அது கண்ணை இமைக்காம பாக்குது" என்பார்.

வயது ஐம்பத்து நாலு. ஸ்கூல் பஸ் டிரைவர். கடைசிப் பிள்ளை இறங்கிய பிறகு பஸ்ஸின் பின்கோடிவரை போய், ஒவ்வொரு சீட்டுக்கு அடியிலும் குனிந்து, எவனாவது தூங்குகிறானா என்று பார்ப்பார். அப்புறம் முன்னால் வருவார். வந்ததும், சரியாகப் பார்த்தோமா என்று சந்தேகம் வரும். மறுபடியும் போவார். மூன்று சுற்று முடியாமல் சாவியை எடுக்கமாட்டார். இருபத்தாறு வருடத்தில் ஒரு பிள்ளையையும் அவர் பஸ்ஸில் விட்டுவிட்டுப் போனதில்லை. ஒரே ஒரு முறை தன்னைத்தான் விட்டுவிட்டார்: நாலாவது சுற்றில் கதவு தானாகச் சாத்திக்கொண்டு, பனியில் கைப்பிடி உறைந்து, ஒன்றரை மணி நேரம் உள்ளேயே உட்கார்ந்திருந்தார்.

இந்தப் பயம்தான் அவருக்கு இன்னொரு வேலையையும் வாங்கிக் கொடுத்தது. பத்தொன்பது வருடத்துக்கு முன்னால் ஒரு வெள்ளிக்கிழமை, பள்ளிப் பையன்களை ஃபுட்பால் ஆட்டத்துக்கு ஏற்றிக்கொண்டு போயிருந்தார். அங்கே கசாப்புக் கடைக்காரர் மெர்ல் டோம்பெக் வேலியில் சாய்ந்துகொண்டு, இவர் காலி பஸ்ஸைச் சுற்றிச் சுற்றி வருவதைக் கடைசிவரை வேடிக்கை பார்த்தார். மெர்ல் ஊர்ப் பெரிய ஸ்டேடியத்தில் சங்கிலிக் குழுவின் தலைவர்.

"ஏன்யா, எதையாவது தொலைச்சிட்டியா?"

"இல்ல. தொலைக்கலைன்னு பாக்குறேன்."

"மூணாவது தடவையா?"

"ரெண்டாவது தடவை சரியாப் பாத்தேனான்னு ஒரு சந்தேகம்."

மெர்ல் அவரை ஏற இறங்கப் பார்த்தார். "உன்னை மாதிரி ஒரு பயந்தாங்கொள்ளியைத்தான்யா ரெண்டு வருஷமா தேடிக்கிட்டிருக்கேன்."

ஃபுட்பால் என்றால் அங்கே பந்தைக் கையில் இடுக்கிக்கொண்டு ஓடுவது. பேர் வைத்த மகராசன் தூக்கக் கலக்கத்தில் இருந்திருப்பான். பந்து வைத்திருக்கிற அணிக்கு நாலு முறை கொடுப்பார்கள். அதற்குள் பத்து கெஜம் முன்னேறினால் புதிதாக நாலு முறை. முன்னேறாவிட்டால் பந்தை எதிராளியிடம் கொடுத்துவிட்டு ஓரமாகப் போக வேண்டியதுதான். அந்தப் பத்து கெஜத்தை அளக்கத்தான் சங்கிலி. இரண்டு முனையிலும் ஆளுயரக் கம்பு, ஒவ்வொன்றையும் பிடிக்க ஒரு ஆள். எத்தனையாவது முறை என்று எண் காட்டும் பலகைக்கு ஒரு ஆள், அது மெர்ல். கிளிப்புக்கு ஒரு ஆள், அது நார்பர்ட்.

கிளிப் என்பது உள்ளங்கைக்குள் அடங்கிவிடும் ஒரு பித்தளைத் துண்டு. மைதானத்தில் ஐந்து கெஜத்துக்கு ஒரு வெள்ளைக் கோடு உண்டு. எல்லைக்கு வெளியே சங்கிலியை விரித்ததும், அது எந்தக் கோட்டைக் கடக்கிறதோ அந்தக் கோட்டுக்கு நேராகச் சங்கிலியில் கிளிப்பை மாட்ட வேண்டும். பந்து பத்து கெஜம் போயிற்றா என்று தகராறு வந்தால், சங்கிலியை உள்ளே கொண்டுபோய், அதே கோட்டில் கிளிப்பை வைத்து, முன் கம்பை இழுத்துப் பார்ப்பார்கள். கோட்டின் அகலம் நாலு அங்குலம். அதில் கிளிப் எப்போதும் பின் விளிம்பில்தான் இருக்க வேண்டும், அதாவது அணி எந்தப் பக்கமிருந்து வந்ததோ அந்தப் பக்கத்து விளிம்பில்.

இதிலும் நார்பர்ட் தனக்கென்று ஒரு முறை வைத்திருந்தார். அணி கிழக்கே போனால் இடது முழங்காலை ஊன்றுவார். மேற்கே போனால் வலது. மாட்டிய கையோடு "பின் விளிம்பு, முப்பத்தஞ்சு!" என்று கோட்டின் எண்ணோடு உரக்கக் கூவுவார். மெர்ல் அதைத் திருப்பிக் கூவுவார். கூவாமல் இருவரும் அந்த இடத்தைவிட்டு நகரமாட்டார்கள். பத்தொன்பது வருடம் இப்படியே நடந்தது.

இன்னொரு விதியும் உண்டு. சங்கிலி பிடிக்கிறவர்கள் எல்லோரும் உள்ளூர்க்காரர்கள். நடுவர்கள் எங்கிருந்தோ விமானத்தில் வருகிறவர்கள். அதனால் சங்கிலிக் குழு கைதட்டக் கூடாது, சிரிக்கக் கூடாது, உச்சுக் கொட்டக்கூடக் கூடாது. "மூஞ்சி பிழிஞ்சு போட்ட துணி மாதிரி இருக்கணும்" என்பார் மெர்ல். நார்பர்ட்டுக்கு அது கஷ்டமே இல்லை. அவர் மூஞ்சி பிறந்ததிலிருந்தே அப்படித்தான்.

அந்த ஜனவரி ஞாயிறுவரை.

முப்பத்தோரு வருடம் கழித்து ஊருக்கு அந்த ஆட்டம் வந்திருந்தது. லீகின் இரண்டு பாதிகளில் ஒவ்வொன்றிலும் கடைசியாக இரண்டு அணிகள் மிஞ்சும். வருடம் முழுக்க நன்றாக ஆடிய அணியின் சொந்த மைதானத்தில் அவை மோதும். ஜெயித்தவன் கோப்பையைத் தூக்கிக்கொண்டு, இரண்டு வாரத்தில் நாடே பார்க்கும் இறுதி ஆட்டத்துக்குப் போவான். தோற்றவன் திங்கட்கிழமை காலையில் அலமாரியைக் காலி செய்வான். மறு ஆட்டம் கிடையாது, ஆறுதல் பரிசு கிடையாது. இரண்டு அணிக்கும் "நாங்களே சாம்பியன்" என்று சட்டை அச்சடித்து, அட்டைப்பெட்டியில் கட்டி, சுரங்கப் பாதையில் வைத்திருந்தார்கள். அந்தப் பெட்டிகளைத் தாண்டித்தான் நார்பர்ட் உள்ளே போக வேண்டியிருந்தது. எதைப் பார்த்தாலும் பயப்படுகிறவர் அட்டைப்பெட்டியை மட்டும் விட்டுவைப்பாரா?

காலையில் மனைவி வெர்னா முட்டையைத் தட்டில் போட்டுவிட்டு எதிரே உட்கார்ந்தாள்.

"தின்னு நார்ப். ராத்திரி பூரா கட்டில் ஆடுச்சு. நான் பூகம்பம்னு நினைச்சேன்."

"வெர்னா, இன்னிக்கு நான் ஏதாவது தப்புப் பண்ணிட்டா?"

"பத்தொன்பது வருஷமா ஒவ்வொரு ஞாயித்துக்கிழமையும் இதையேதான் கேக்குற."

"இன்னிக்கு எழுபதாயிரம் பேர்."

"பூச்சி மாதிரி ஓரத்துல நிக்கிற உன்னை எவன் பாக்கப் போறான்?"

அது அவருக்குக் கொஞ்சம் தெம்பாக இருந்தது.

ஆட்டத்துக்கு முன்னால் கோட்டு நடுவர் டீக்ஸ் குழுவைக் கூப்பிட்டுப் பேசினார். தெற்கிலிருந்து வந்தவர், இரண்டு தொப்பி போட்டும் காது சிவந்திருந்தது. சங்கிலிக்குப் பொறுப்பு அவர்தான்.

"நீங்க இந்த ஊர்க்காரங்கன்னு எனக்குத் தெரியும். அடுத்த மூணு மணி நேரத்துக்கு நீங்க எந்த ஊரும் இல்ல. புரியுதா?"

"புரியுது சார்" என்றார் மெர்ல். நார்பர்ட் தலையை ஆட்டினார். ஏற்கெனவே ஆடிக்கொண்டுதான் இருந்தது. கொஞ்சம் சேர்த்து ஆட்டினார்.

மூன்று மணிக்கு ஆட்டம் ஆரம்பித்தது. பனி விழுந்தபடி இருந்தது. மைதானத்துக்கு அடியில் வெந்நீர்க் குழாய் ஓடியதால் உள்ளே கோடுகள் தெரிந்தன. சங்கிலிக் குழு நிற்கிற ஓரத்தில் குழாய் இல்லை. அங்கே ஒவ்வொரு தடவையும் கையுறையால் பனியைச் சுரண்டித்தான் கோட்டைக் கண்டுபிடிக்க வேண்டும். சுரண்டினார், மாட்டினார், கூவினார். மெர்ல் திருப்பிக் கூவினார். நாலு பாகத்தில் மூன்று முடிந்தது. தவறு ஒன்றும் இல்லை.

நாலாவது பாகத்தில், ஆட்டம் முடிய நாலு நிமிடம் இருந்தபோது, வெளியூரிலிருந்து வந்த அணிக்கு இருபது புள்ளி, ஊர் அணிக்குப் பதினேழு. பந்து ஊர் அணியிடம். மேற்கே போய்க்கொண்டிருந்தார்கள். நாற்பது கெஜத்துக்கு ஒரு பந்து காற்றில் வந்தது. நேராகச் சங்கிலிக் குழுவை நோக்கி வந்தது. பின்னாலேயே ஊர் அணிக்காரன் ஒருவன் ஓடிவந்து, விரல் நுனியில் அதைப் பிடித்து, இரண்டு கால் கட்டைவிரலையும் எல்லைக்குள் தேய்த்துவிட்டு, குழுவின்மேல் பொத்தென்று விழுந்தான். கம்புக்காரர்கள் சிதறினார்கள். நார்பர்ட் பனியில் உருண்டார்.

அரங்கம் அலறியது. அந்த அலறலில் சேர்ந்துகொண்டு ஒரு சின்னக் குரல், "ஹேய்!" என்றது. அது யாருடைய குரல் என்று நார்பர்ட் திரும்பிப் பார்த்தார். அவருடையதுதான்.

மெர்ல் முழங்கையால் அவர் விலாவில் இடித்தார். ஆனால் மெர்லின் வாய் காதுவரை போயிருந்தது. பிழிந்து போட்ட துணி அன்றைக்கு இஸ்திரி போட்டுக்கொண்டது. "நகருங்கடா, நகருங்க!" என்று விரட்டினார். புதுச் சங்கிலி விரிந்தது. நார்பர்ட் ஓடினார், சுரண்டினார், மாட்டினார், எழுந்தார். முதல் முறை ஆட்டம் ஆரம்பித்துவிட்டது. மூன்று கெஜம்.

இரண்டாவது முறைக்கு அணிகள் வரிசையாக நின்றபோதுதான் நார்பர்ட்டுக்கு முழங்கால் சில்லிட்டது. குனிந்து பார்த்தார். இடது முழங்கால் நனைந்திருந்தது.

மேற்கே போகும்போது வலது. இடது எப்படி நனைந்தது?

இடது முழங்காலை ஊன்றியிருந்தால், மறந்துபோய், கிழக்கே ஆடிய போன பாகத்துப் பழக்கத்தில் ஊன்றியிருக்கிறார். அப்படியென்றால் கிளிப் முன் விளிம்பில் இருக்கிறது. இல்லை இல்லை, பனியில் உருண்டோமே, அதில் நனைந்திருக்கும். எந்தப் பக்கமாக உருண்டோம்? ஞாபகம் இல்லை. சரி, கூவினோமே. "பின் விளிம்பு" என்று கூவினோமா? மூளையைக் கசக்கினார். பத்தொன்பது வருடத்துக் கூவல்களும் ஒன்றாகக் கேட்டன. இது மட்டும் கேட்கவில்லை.

சங்கிலியிடம் குனிந்தார். கீழே விழுந்தவன் எழுந்ததில், அவனைக் கட்டிப்பிடிக்க வந்தவர்கள் மிதித்ததில், அந்த இடமே சேறும் பனியுமாகக் குழம்பிக் கிடந்தது. கோடு எங்கே, விளிம்பு எங்கே என்று தெரியவில்லை. வெள்ளைக்குள் வெள்ளையைத் தேடினார்.

"மெர்ல்! நான் கூவினேனா?"

"என்னது?"

"கிளிப்பு மாட்டினப்போ! பின் விளிம்புன்னு கூவினேனா?"

"இப்பப் போய் என்னடா கேள்வி? வாயை மூடிட்டு நில்லு!"

இரண்டாவது முறை, ஒரு கெஜம். மூன்றாவது முறை, ஐந்தும் கொஞ்சமும். கடிகாரத்தில் இரண்டு நிமிடம்கூட இல்லை. ஊர் அணியிடம் நேரத்தை நிறுத்தும் உரிமை ஒன்றுகூட மிச்சமில்லை. நாலாவது முறை, இன்னும் ஒரு கெஜத்துக்கும் குறைவாக முன்னேறினால் போதும்.

நார்பர்ட் தன் பயத்தோடு சண்டை போட்டுக்கொண்டிருந்தார். இது வழக்கமான பயம்தான். அடுப்புப் பயத்துக்குத் தம்பி. அடுப்பு என்றைக்காவது எரிந்துகொண்டிருந்ததா? இல்லை. சீட்டுக்கு அடியில் என்றைக்காவது பிள்ளை இருந்ததா? இல்லை. அப்படியானால் கிளிப்பும் சரியாகத்தான் இருக்கும். ஐம்பத்து நாலு வருடமாக அவரை ஏமாற்றிய பயம் இன்றைக்கு மட்டும் உண்மை பேசுமா? ஆனால் முழங்கால் நனைந்திருந்தது. அடுப்பு விஷயத்தில் முழங்கால் ஒருநாளும் நனைந்ததில்லை.

ஒன்று, ஒரேயடியாக ஐந்து கெஜம் ஓடிவிட வேண்டும், இல்லையென்றால் கிளம்பிய இடத்திலேயே விழ வேண்டும். அளக்க மட்டும் வேண்டாம் என்று வேண்டிக்கொண்டார். எந்தச் சாமி அதைக் கேட்கும் என்று அவருக்கே தெரியவில்லை. பந்தை வாங்கியவன் தலையைக் குனிந்துகொண்டு நடுவில் பாய்ந்தான். இருபது பேர் அவன்மேல் ஏறி விழுந்தார்கள். ஒருவர் ஒருவராகப் பிய்த்து எடுத்தார்கள். அடியில் பந்து கிடந்தது. தலைமை நடுவர் குனிந்து பார்த்தார், நிமிர்ந்தார், இரண்டு கையையும் விரித்துச் சங்கிலியைக் கூப்பிட்டார்.

எழுபதாயிரம் பேர் எழுந்து நின்றார்கள்.

டீக்ஸ் ஓடிவந்து கிளிப்பைப் பிடித்துக்கொண்டார். கம்புக்காரர்கள் இருவரும் கம்பைத் தூக்கிக்கொண்டு அவரோடு உள்ளே போனார்கள். மெர்ல் பலகையோடு வெளியே நின்றார். கிளிப்காரர் எல்லைக் கோட்டைத் தாண்டக் கூடாது. பத்தொன்பது வருடத்தில் நார்பர்ட் தாண்டியதில்லை.

கணக்கு மட்டும் மின்னல் மாதிரி ஓடியது. டீக்ஸ் பழக்கப்படி கிளிப்பைப் பின் விளிம்பில் வைப்பார். கிளிப் உண்மையில் முன் விளிம்பில் மாட்டப்பட்டிருந்தால், சங்கிலி முழுக்க நாலு அங்குலம் பின்னால் போய்விடும். பந்துக்கு நாலு அங்குலம் இனாம். யாருக்கு இனாம்? ஊர் அணிக்கு. வாயை மூடிக்கொண்டு நின்றால் ஒருத்தருக்கும் ஒருநாளும் தெரியாது. அவருக்கு மட்டும் தெரியும். தெரியும்கூட இல்லை; சந்தேகம்.

"சார்! முன் விளிம்பு! முன் விளிம்பா இருக்கலாம் சார்!"

பக்கத்தில் நின்ற மெர்லுக்கே கேட்கவில்லை. அந்தச் சத்தத்தில் பீரங்கி வெடித்தால்கூடத் தும்மல் என்று நினைத்திருப்பார்கள்.

நார்பர்ட் குபியாக் கோட்டைத் தாண்டினார்.

ஓடினார் என்று சொல்ல முடியாது. கால் ஒரு பக்கம், கை ஒரு பக்கம், தொப்பி ஒரு பக்கம் போயிற்று. வாத்து மாதிரி ஓடினார் என்று பிற்பாடு டிவி பார்த்தவர்கள் சொன்னார்கள். நடுவில் ஒரு முறை வழுக்கி விழுந்து எழுந்தார். ஒரு கேமரா அவர் மூக்குக்கு நேராக வந்தது. டீக்ஸ் ஒற்றை முழங்காலில் குனிந்து, கிளிப்பைக் கோட்டின் பின் விளிம்பில் வைத்துக்கொண்டிருந்தார்.

"சார்... சார்... அங்க இல்ல. முன்னாடி விளிம்பு."

டீக்ஸ் நிமிர்ந்தார். "என்ன?"

"நான் முன் விளிம்புல மாட்டிட்டேன்."

தலைமை நடுவர் நெருங்கினார். "யாரு இவரு? இவருக்கு இங்க என்ன வேலை?"

"கிளிப்புக்காரர்" என்றார் டீக்ஸ். பிறகு நார்பர்ட்டின் கண்ணைப் பார்த்துக் கேட்டார். "ஐயா, உறுதியாச் சொல்றீங்களா?"

ஊர் அணி ஆட்டக்காரன் ஒருவன், கதவளவு ஆள், ஹெல்மெட் கம்பிக்குள்ளிருந்து முறைத்தான். "யோவ் தாத்தா, என்னய்யா பண்ற நீ?"

உறுதியா? நார்பர்ட்டுக்கு வாழ்க்கையில் எதுவுமே உறுதி இல்லை. கல்யாணத்தன்றுகூடப் பாதிரியார் இரண்டு தடவை கேட்க வேண்டியிருந்தது. 'உறுதி இல்லை' என்றால் இவர்கள் பழக்கப்படி பின் விளிம்பில் வைத்து அளப்பார்கள். கீழே பார்த்தார். முழங்கால் ஈரமாகத்தான் இருந்தது.

"உறுதி" என்றார்.

டீக்ஸ் மறுபடியும் குனிந்தார். பிறகு கிளிப்பை நாலு அங்குலம் முன்னால் தள்ளி வைத்தார். "இழு!" என்றார். முன் கம்பு முன்னால் போயிற்று, சங்கிலி விறைத்தது, கம்பு நின்றது. பந்தின் மூக்குக்கும் கம்புக்கும் நடுவே இரண்டு விரல் இடைவெளி.

பின் விளிம்பில் வைத்திருந்தால் பந்து கம்பைத் தாண்டியிருக்கும். இதைப் புரிந்துகொள்ள யாருக்கும் கணக்கு வாத்தியார் வேண்டியிருக்கவில்லை.

தலைமை நடுவர் எதிர்ப்பக்கம் கை காட்டினார். பந்து கைமாறியது. எழுபதாயிரம் பேர் ஒரே நேரத்தில் மூச்சு விடுவதை நிறுத்தினால் எப்படி இருக்கும் என்பதை நார்பர்ட் காதால் கேட்டார். பனி விழுகிற சத்தம்கூடக் கேட்டது. பிறகு எல்லோரும் மூச்சு விட்டார்கள். அந்த மூச்சில் இருந்த வார்த்தைகளை எழுத முடியாது.

அவர் ஓரத்துக்குத் திரும்பி நடந்தார். ஓடியதைவிட அது நீளமாக இருந்தது. ஒற்றைக் கையுறையும் பனிக்கட்டியும் பாதி தின்ற பிரெட்டும் மேலேயிருந்து வந்து விழுந்தன. அதோடு வேலையும் முடியவில்லை. வந்த அணிக்கு இப்போது பந்து. அவர்களுக்கும் சங்கிலி விரிக்க வேண்டும். அதற்கும் கிளிப் மாட்ட வேண்டும். கிழக்கே போகிறார்கள். இடது முழங்கால். கிளிப் இரண்டு தடவை கீழே விழுந்தது.

"பின் விளிம்பு, முப்பது!" என்று கூவினார்.

மெர்ல் பதில் கூவவில்லை.

"மெர்ல்! பின் விளிம்பு, முப்பது!"

"...பின் விளிம்பு, முப்பது" என்றார் மெர்ல், பலகையைப் பார்த்துக்கொண்டே.

வந்த அணி மூன்று முறை பந்தை வாங்கி மூன்று முறையும் நேரத்தைக் கரைக்க அப்படியே முட்டி போட்டது. கடிகாரம் தீர்ந்தது. ஜெயித்தவர்களுக்குக் காகிதம் தூவும் பீரங்கிகளை இரண்டு அணியின் நிறத்திலும் நிரப்பி வைத்திருந்தார்கள். வந்த அணியின் ஆரஞ்சு நிறம் மட்டும் வெடித்தது. ஆரஞ்சுக் காகிதங்கள் பனியோடு சேர்ந்து இறங்கின. களத்தின் நடுவே மேடையை உருட்டிக்கொண்டு வந்தார்கள். ஒரு அட்டைப்பெட்டியை மட்டும் பிரித்தார்கள்.

குழுவுக்கு ஒதுக்கியிருந்த அறை, தோட்டக் குழாய்களும் உப்பு மூட்டைகளும் அடுக்கியிருந்த கிடங்கு. நாலு பேரும் அங்கே மேலங்கியைக் கழற்றினார்கள். யாரும் யாரையும் பார்க்கவில்லை. கம்புக்காரர்கள் இருவரும் பின் கதவு வழியாகப் போய்விட்டார்கள். மெர்ல் சங்கிலியைத் துடைத்துத் துடைத்துச் சுருட்டினார். மூக்கு சிவந்திருந்தது, குளிர் என்று சொல்லலாம்.

"மெர்ல், நான் உன்கிட்ட ஒண்ணு சொல்லணும்."

"வேணாம்."

"அங்க நான் உறுதின்னு சொன்னேன்ல, அது வந்து..."

"வேணாம்னு சொல்றேன்ல!" மெர்ல் சங்கிலியைப் பெட்டியில் போட்டார். "உறுதியா இல்லையான்னு நான் கேக்க மாட்டேன். நீயும் சொல்லாதே. நீ கூவல நார்ப். நீ கூவலன்னு எனக்கு அப்பவே தெரியும். நான் உன்னைக் கூவச் சொல்லியிருக்கணும். நான் அந்தப் பயல் பிடிச்ச பந்தைப் பாத்துக்கிட்டு நின்னேன். அறுபத்தெட்டு வயசுல பல்லைக் காட்டிக்கிட்டு நின்னேன்."

அவர் உப்பு மூட்டைமேல் உட்கார்ந்துகொண்டார். நார்பர்ட் பக்கத்தில் போய் உட்காரலாமா என்று யோசித்தார், பயமாக இருந்தது, உட்கார்ந்தார். மெர்ல் தள்ளி உட்காரவில்லை.

"எப்படி வீட்டுக்குப் போகப் போற?" என்றார் மெர்ல்.

"காரு எட்டாவது வரிசையில இருக்கு."

"அந்தத் தொப்பியைக் கழட்டு. அதைத்தான் நாடே பாத்துச்சு. என் கோட்டைப் போட்டுக்கோ. தலையைக் குனிஞ்சுக்கிட்டே போ. யாராவது கேட்டா, நீ டிக்கெட் கிழிக்கிறவன்."

மெர்லின் கோட்டு முழங்கால்வரை வந்தது. மாட்டிறைச்சி வாசனை அடித்தது. நார்பர்ட் வெளியே வந்தார். இருட்டத் தொடங்கியிருந்தது. வண்டி நிறுத்துமிடம் முழுக்க டிரக்குகள்; ஒவ்வொன்றின் பின்னாலும் அடுப்பு, சாசேஜ் புகை, தோற்றுப்போன ஜனம். டிக்கெட் கிடைக்காதவர்கள் காலையிலிருந்து அங்கேயே டிவி வைத்துப் பார்த்திருந்தார்கள். ஒரு அடுப்பருகே யாரோ ஊர் அணிச் சட்டையைக் கழற்றி நெருப்பில் போட்டான். அவன் மனைவி இடுக்கியால் அதை வெளியே எடுத்தாள்.

நாலு வரிசை தாண்டும்வரை யாரும் அவரைப் பார்க்கவில்லை. ஐந்தாவதில் ஒருவன் குறுக்கே வந்தான். இரண்டு கன்னத்திலும் நீலச் சாயம். நடுவில் கண்ணீர் ஓடிய இடம் மட்டும் தோல் தெரிந்தது. கையில் நீளமான இடுக்கி.

"அண்ணே, உள்ள இருந்தா வர்றீங்க?"

"ம்."

"அந்தக் கிளிப்புக்காரனைப் பாத்தீங்களா? வாத்து மாதிரி ஓடினானே, அவன். எந்தப் பக்கம் போனான்?"

நான் டிக்கெட் கிழிக்கிறவன் என்று சொல்லச் சொல்லியிருந்தார் மெர்ல். அது வாய்வரை வந்துவிட்டது. ஆனால் நார்பர்ட்டுக்குத் தன்னைத் தெரியும். அந்தப் பொய்யைச் சொல்லிவிட்டால், அது அன்று ராத்திரி அவரோடு கட்டிலில் ஏறிப் படுக்கும், நாளைக்கு பஸ்ஸில் முதல் சீட்டில் உட்காரும், அதற்கும் சேர்த்து ஆயுசு முழுக்க பயப்பட வேண்டும். ஏற்கெனவே இருக்கிற பயங்களுக்கே வீட்டில் இடமில்லை.

"நான்தான்" என்றார்.

இடுக்கி அப்படியே நின்றது. பின்னால் அடுப்பைச் சுற்றி நின்ற நாலு பேர் திரும்பினார்கள்.

"நீயா?"

"நான்தான்."

சாயக்காரன் ஒரு எட்டு முன்னால் வந்தான். பியர் நாற்றம் முகத்தில் அடித்தது. "எனக்கு நாப்பத்தி ரெண்டு வயசு. நான் பதினொரு வயசுப் பையனா இருக்கப்போ கடைசியா இந்த ஆட்டம் இங்க நடந்துச்சு. ஒரே ஒரு கேள்வி கேக்குறேன். உண்மையைச் சொல்லு. முன் விளிம்புதானா?"

ஓடலாம். கால் வராது. கத்தலாம். குரல் வராது. நார்பர்ட் கோட்டுப் பைக்குள் கையை விட்டார், எதற்கென்று தெரியவில்லை.

"தெரியல" என்றார்.

"தெரியலயா!"

"முட்டி நனைஞ்சிருந்துச்சு. இடது முட்டி. வலதுதான் நனைஞ்சிருக்கணும். அதனால ஒரு சந்தேகம். நான் கூவவும் இல்ல. நான் சந்தோஷப்பட்டுட்டேன் தம்பி. அந்தப் பந்தைப் பிடிச்சான்ல, அப்ப. அதுல மறந்துட்டேன். சொல்லாம விட்டா நமக்கு லாபம்னு தெரிஞ்சுது. லாபம் நமக்குங்கிறதுனாலதான் சொல்ல வேண்டியதாப் போச்சு. எதிராளிக்கு லாபமா இருந்திருந்தா ஒருவேளை நான் இவ்வளவு பயந்திருக்க மாட்டேன்."

அவ்வளவு நீளமாக அவர் யாரிடமும் பேசியதில்லை. பேசி முடித்ததும் கண்ணை மூடிக்கொண்டார். அடி எந்தப் பக்கமிருந்து வரும் என்று தெரிந்தால் கொஞ்சம் வசதியாக இருக்கும் என்று நினைத்தார்.

அடி வரவில்லை. கண்ணைத் திறந்தபோது சாயக்காரன் இன்னும் அங்கேயே நின்றான். பின்னாலிருந்தவர்களைத் திரும்பிப் பார்த்துவிட்டு, குரலைத் தாழ்த்தினான்.

"யோவ். இதை வேற எவன்கிட்டயாவது சொன்னியா?"

"இல்ல."

"சொல்லாதே. செத்தாலும் சொல்லாதே. எவன் கேட்டாலும், 'ரெண்டு கண்ணால பாத்தேன், முன் விளிம்பு, பைபிள்மேல சத்தியம்'னு சொல்லு. தெரியலன்னு மட்டும் சொல்லிடாதே. தெரியாம தோத்தோம்னு தெரிஞ்சா இந்த ஊரு தாங்காது. நானே தாங்க மாட்டேன் போலிருக்கு." இடுக்கியால் அடுப்பிலிருந்து ஒரு சாசேஜை எடுத்து, ரொட்டியில் வைத்து, அவர் கையில் திணித்தான். திணித்த வேகத்தில் கோபம் இருந்தது. "இதைப் பிடி. வாய் நிறைய வச்சுக்கோ. வாய் நிறைய இருந்தா எவனும் பேச்சுக் குடுக்க மாட்டான். போ. நிக்காதே, போ!"

நார்பர்ட் சாசேஜைக் கடித்துக்கொண்டு நடந்தார். சூடு நாக்கைச் சுட்டது. துப்பப் பயம், விழுங்கவும் பயம். முன்னால் ஆறாவது வரிசையில் யாரோ டிரக் மேல் ஏறி நின்று, "அந்தக் கிளிப்புக்காரன் மட்டும் என் கையில கிடைச்சான்..." என்று கத்திக்கொண்டிருந்தான்.

காருக்கு இன்னும் மூன்று வரிசை இருந்தது.